‘களிமண் கால்’ என்ற தொடரை வகுப்பில் விளக்குவது எப்படி?

நீலகிரிப் பள்ளிகளில் பேச்சுப் போட்டிக்கும் கட்டுரைப் போட்டிக்கும் ஆயத்தமாகும் மாணவர்கள், ஆங்கிலப் பாடத்திலோ தேவாலயத்து ஞாயிறு வகுப்பிலோ கேட்ட ‘களிமண் கால்’ என்ற தொடரைத் தமிழிலும் எடுத்தாளுகிறார்கள். எடுத்தாள்வதில் தவறில்லை. ஆனால் பெரும்பாலோர் ‘பலவீனம்’ என்ற சொல்லை அலங்கரித்துச் சொல்வதற்கான வழியாகவே அதைக் கருதுகிறார்கள். இத்தொடருக்குள் மூன்று செய்திகள் அடங்கியிருக்கின்றன: ஒருவர் மிக உயர்வாக மதிக்கப்படுகிறார், அவரிடம் ஒரு குறை இருக்கிறது, அந்தக் குறை அவரைத் தாங்கி நிற்கும் அடித்தளத்திலேயே, மதித்தவர்கள் கண்ணில் படாமல், தொடக்கம் முதல் இருந்திருக்கிறது. இம்மூன்றில் ஒன்று குறைந்தாலும் தொடர் பொருந்தாது. குன்னூரில் உயர்நிலை வகுப்புகளுக்குத் தமிழ் கற்பிக்கும் நான், மாணவருக்கு எளிதில் பிடிபட்ட வரிசையிலேயே இதை விளக்கும் முறையைக் கூறுகிறேன்.

முதலில் கதையை முழுமையாகச் சொல்லுங்கள்

பொருளைக் கரும்பலகையில் எழுதிவிட்டுக் கதைக்குப் போனால் மாணவர் கதையைக் கவனிப்பதில்லை. ஆகையால் கதையிலிருந்தே தொடங்க வேண்டும். அது விவிலியத்தின் பழைய ஏற்பாட்டில், தானியேல் நூலின் 2-ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. 1871-இல் வெளிவந்த பழைய மொழிபெயர்ப்பில் அரசனின் பெயர் நேபுகாத்நேச்சார். 1995-இல் வந்த திருவிவிலியத்தில் நெபுகத்னேசர். கேத்தியிலும் குன்னூரிலும் இவ்விரு மொழிபெயர்ப்புகளில் ஒன்றையோ மற்றொன்றையோ படிக்கும் தேவாலயங்களுக்குச் செல்லும் மாணவர் ஒரே வகுப்பில் அமர்ந்திருப்பார்கள். பெயர் வேறுபாட்டை முன்னரே சொல்லிவிட்டால் இருவேறு அரசர்கள் என்ற குழப்பம் எழாது.

இந்த அரசன் கி.மு. 605 முதல் 562 வரை பாபிலோனை ஆண்டவன். எருசலேமை அழித்து யூதர்களைச் சிறைபிடித்துச் சென்றவன். அவன் ஓர் இரவு கனவு கண்டு கலங்குகிறான். குறிசொல்வோரையும் சோதிடரையும் அழைத்து, கனவின் பொருளை மட்டுமன்றிக் கனவையே அவர்கள் சொல்ல வேண்டும் என்றும், சொல்லாவிட்டால் உயிர் போகும் என்றும் ஆணையிடுகிறான். யூதச் சிறைக்கைதிகளில் ஒருவனாக வந்து அரண்மனையில் வளர்க்கப்பட்ட தானியேல் என்ற இளைஞன் அதைச் சொல்கிறான். அரசன் கண்டது ஒரு பெரிய சிலை. அதன் தலை பசும்பொன், மார்பும் புயங்களும் வெள்ளி, வயிறும் தொடையும் வெண்கலம், கால்கள் இரும்பு, பாதங்கள் பாதி இரும்பும் பாதி களிமண்ணும். அரசன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, மனிதக் கை படாமல் பெயர்ந்த ஒரு கல் உருண்டு வந்து அந்தப் பாதங்களில் மோதுகிறது. பாதங்கள் நொறுங்கியதும் இரும்பு, வெண்கலம், வெள்ளி, பொன் அனைத்தும் சேர்ந்து நொறுங்கி, கோடைக் களத்துப் பதரைப்போலக் காற்றில் பறந்துவிடுகின்றன. சிலையை வீழ்த்திய கல்லோ பெரிய மலையாகிப் பூமியை நிரப்புகிறது.

அரசனே அந்தப் பொன் தலை என்றும், அவனுக்குப் பின்னர் அடுத்தடுத்து எழும் அரசுகளே மற்ற உலோகங்கள் என்றும் தானியேல் விளக்கம் தருகிறான். எந்த உலோகம் எந்தப் பேரரசு என்பது பற்றிச் சமய மரபுக்கும் ஆய்வாளருக்கும் நெடுங்காலக் கருத்து வேறுபாடு உண்டு. தொடரின் பொருளுக்கு அது தேவைப்படாது என்பதால் வகுப்பில் அதற்குள் நுழைய வேண்டியதில்லை. ஆனால் இரண்டு நுட்பங்களைத் தவறவிடக் கூடாது.

முதலாவது, அந்தக் களிமண் ஈரச் சேறு அன்று. பழைய மொழிபெயர்ப்பு அதைக் குயவனின் களிமண் என்றே குறிப்பிடுகிறது. சட்டி, பானையைப் போலத் தட்டினால் உடையும் பொருள் என்று கொள்ள வேண்டும். மழைநாளில் தேயிலைத் தோட்டத்துச் சேற்றில் நடந்து வரும் எங்கள் மாணவருக்குக் ‘களிமண் கால்’ என்றவுடன் கரைந்து வழியும் கால்தான் மனத்தில் தோன்றுகிறது. சிலையின் பாதம் கரையவில்லை, உடைந்தது. இரண்டாவது, குறை களிமண்ணில் மட்டும் இல்லை. இரும்பும் களிமண்ணும் ஒன்றோடொன்று ஒட்டுவதில்லை என்பதையே தானியேல் அழுத்திச் சொல்கிறான். தனி இரும்பாக இருந்திருந்தால் பாதம் தாங்கியிருக்கும். வலிமையும் வலிமையின்மையும் ஒரே இடத்தில், இணையாத இணைப்பாக இருந்ததே வீழ்ச்சிக்கு வழிவிட்டது. எவரையேனும் பற்றி இத்தொடரை எழுதும் மாணவன், அவரிடம் உண்மையான இரும்பும் இருந்தது என்பதை மறக்காமல் இருக்க இந்த நுட்பம் உதவும்.

மறைவாக இருந்ததா, பார்க்கப்படாமல் இருந்ததா?

பாடத்தின் நடுப்பகுதி இதுதான். இதற்கு நேரத்தைத் தாராளமாக ஒதுக்குங்கள். அகராதிகள் இத்தொடருக்கு ‘மறைந்திருக்கும் குறை’ என்று பொருள் தருகின்றன. கதையை மறுபடி படிக்கச் சொல்லிவிட்டு, சிலையின் பாதம் எங்கே மறைக்கப்பட்டிருக்கிறது என்று மாணவரைக் கேளுங்கள். எங்கும் மறைக்கப்படவில்லை. அதன் மேல் துணி இல்லை, பூச்சு இல்லை, பீடத்துக்குள் புதைக்கவும் இல்லை. அரசன் அதைக் கண்டிருக்கிறான். தானியேலும் மற்ற உறுப்புகளைச் சொன்ன அதே குரலில் அதையும் சொல்கிறான். பின் எப்படி அது மறைந்த குறை ஆயிற்று?

விடையைத் தமிழ் இலக்கிய மரபிலிருந்தே தரலாம். தெய்வத்தை வருணிக்கும் புலவர் திருவடியில் தொடங்கி முடிவரை செல்வர், அது பாதாதிகேசம். மனிதரை வருணிப்போர் முடியில் தொடங்கி அடியில் முடிப்பர், அது கேசாதிபாதம். தானியேல் அந்தச் சிலையை வருணிப்பது கேசாதிபாதமாக. பொன்னில் தொடங்கிய கண் வெள்ளி, வெண்கலம், இரும்பு என்று இறங்கி, எல்லாவற்றுக்கும் கடைசியில்தான் பாதத்துக்கு வருகிறது. பேருருவத்தின் முன் நிற்பவர்களில் பலர் அவ்வளவு தூரம் இறங்குவதே இல்லை, பொன்னிலேயே நின்றுவிடுகிறார்கள். எனவே இத்தொடரில் உள்ள ‘மறைவு’ சிலை செய்த மறைவு அன்று, அண்ணாந்து பார்த்தவர்களின் கண் செய்தது. இதைப் புரிந்துகொண்ட மாணவன், ‘களிமண் கால்’ என்று எழுதும்போது சிலையை மட்டுமல்லாமல் அதன் முன் கைகூப்பி நின்றவர்களையும் சேர்த்தே எழுதுகிறோம் என்பதை உணர்வான்.

மலைச்சரிவில் வளரும் பிள்ளைகளுக்கு இதைக் காட்ட ஒரு வீடு போதும். சாலையை ஒட்டிக் கட்டிய வீடு மேலிருந்து பார்க்கும்போது வண்ணம் பூசிய முகப்பும் சமமான வாசலுமாக உறுதியாகத் தெரியும்; அதே வீட்டைக் கீழே உள்ள தேயிலைத் தோட்டத்திலிருந்து பார்த்தால், கொட்டி நிரப்பிய மண்ணின் மேல் நிற்கும் தூண்களும், வெடிப்பு விட்ட தடுப்புச் சுவரும், நீர் வடியும் துளைகள் அடைபட்டு ஈரம் கசிவதும் கண்ணில் படும். சாலையில் செல்பவருக்கு மறைவாக இருப்பது கொழுந்து பறிப்பவருக்குக் கண்முன் இருக்கிறது. இந்த எடுத்துக்காட்டைக் கூறும் ஆசிரியருக்கு ஒரு வேண்டுகோள்: 2009 நவம்பர் மண்சரிவில் உறவினரை இழந்த குடும்பங்கள் குன்னூர், கேத்தி, உதகைப் பகுதிகளில் இன்றும் இருக்கின்றன. ஆகவே சுவர், தூண் என்ற அளவோடு நிறுத்திக்கொள்ளுங்கள். வீடு சரிந்த கதைக்குப் போக வேண்டாம்.

இந்த இடத்தில் மாணவர் வழக்கமாகக் கலந்துவிடும் இரண்டு அதிகாரங்களைப் பிரித்துக் காட்டுவது நல்லது. 2-ஆம் அதிகாரத்துச் சிலை கனவில் வந்தது. அதை எவரும் வணங்கவில்லை. 3-ஆம் அதிகாரத்தில் அதே அரசன் 60 முழ உயரத்தில் ஒரு பொற்சிலையைத் தூரா என்னும் சமவெளியில் நிறுத்தி, இசைக்கருவிகள் ஒலித்ததும் அனைவரும் விழுந்து வணங்க வேண்டும் என்று கட்டளையிடுகிறான். மறுத்த சாத்ராக், மேஷாக், ஆபேத்நேகோ என்ற மூவர் நெருப்புச் சூளையில் எறியப்படுகிறார்கள். அந்தச் சிலைக்குக் களிமண் பாதம் இருந்ததாக நூல் கூறவில்லை. இன்று வழங்கும் தொடரில் முதல் சிலையின் பாதமும் இரண்டாம் சிலைக்குக் கிடைத்த வணக்கமும் சேர்ந்து ஒலிக்கின்றன என்பது என் கருத்து. கனவுச் சிலைக்கு இல்லாத ‘வழிபாடு’ என்ற கூறு தொடருக்குள் எப்படி வந்தது என்று கேட்கும் கெட்டிக்கார மாணவனுக்கு இதைச் சொல்லலாம்.

விவிலியத்திலிருந்து பொதுப்பேச்சுக்கு

இப்பகுதியைச் சுருக்கமாக முடித்துவிடலாம். 1611-இல் வந்த ஆங்கில விவிலியத்தின் வழியாகக் கதை ஆங்கிலம் பேசுவோர் நடுவே வேரூன்றியது. 1814-இல் நெப்போலியன் முடிதுறந்தபோது ஆங்கிலக் கவிஞர் பைரன் எழுதிய பாடலில், மக்கள் வழிபட்ட வாள்வலிமை ஆட்சிகளுக்குப் பித்தளை முகமும் களிமண் பாதமும் இருந்தன என்று பாடினார். பேரரசுகளின் வரலாற்றைச் சொல்ல வந்த உருவகம் தனிமனிதனின் வீழ்ச்சிக்கும், அவனை வழிபட்டவர்களின் ஏமாற்றத்துக்கும் பொருந்துமாறு திரும்பியிருப்பதை இப்பாடலில் தெளிவாகக் காணலாம். பொன்னும் வெள்ளியும் வெண்கலமும் கழன்றுபோய், மேலே பித்தளையும் கீழே களிமண்ணும் மட்டும் எஞ்சியதையும் கவனியுங்கள். தொடர்கள் பழகப் பழக இவ்வாறே இளைக்கின்றன.

அண்டைத் தொடர்களிலிருந்து பிரித்துக் காட்டுதல்

பொருள் தெளிவாகப் பதிய வேண்டுமானால், நெருங்கிய தொடர்களை அருகில் நிறுத்தி வேறுபாட்டைக் காட்ட வேண்டும். மாணவர் அடிக்கடி மாற்றிப் போடுவது கிரேக்கக் கதைகளின் மாவீரன் அக்கிலீசின் குதிகாலை. தீட்டிஸ் என்ற தாய் தன் குழந்தையை ஸ்டிக்ஸ் ஆற்றில் முக்கியபோது அவள் பிடித்திருந்த குதிகால் மட்டும் நனையவில்லை என்றும், உடல் முழுதும் காயப்படாத வலிமை பெற்ற அவன் அந்த ஓர் இடத்தில் அம்பு பட்டு இறந்தான் என்றும் கதை வழங்குகிறது. இது ஹோமரின் கதை என்று பல வழிகாட்டிகள் எழுதிவிடுகின்றன. ஹோமரின் இலியத்தில் ஆற்றில் முக்கிய செய்தியே இல்லை. அதன் 21-ஆம் பகுதியில் அக்கிலீசின் முன்கையில் ஈட்டி உரசி இரத்தம் வருகிறது. ஆற்றுக் கதையைக் கி.பி. முதல் நூற்றாண்டின் உரோமக் கவிஞர் ஸ்டேஷியசிடம்தான் காண்கிறோம். தொடர் ஒன்றின் பிறப்பைச் சொல்வதற்கு முன் மூலத்தைத் திறந்து பார்க்க வேண்டும் என்பதை மாணவருக்குப் பழக்க இதைவிடச் சிறந்த எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை.

அக்கிலீசின் குதிகாலுக்கு நம்மிடையே உள்ள இணை துரியோதனனின் தொடை. காந்தாரி கண்கட்டை அவிழ்த்துப் பார்த்தபோது அவன் உடல் வைரமாயிற்று என்றும், வாழையிலையால் மறைத்த பகுதி மட்டும் அப்படியே நின்றுவிட்டது என்றும் கதை சொல்வோர் கூறுவர். குதிகாலும் தொடையும் பகைவன் தாக்குவதற்கு உரிய இடங்கள். அவற்றால் அவ்வீரர்களின் பெருமை குறைவதில்லை. களிமண் பாதமோ பெருமையையே கேள்விக்கு உள்ளாக்குகிறது. நல்ல மட்டையாளர்களைக் கொண்ட ஓர் அணிக்குச் சுழற்பந்தை எதிர்கொள்ள வராது என்றால் அது குதிகால். அணியின் புகழுக்கு அடிப்படையாக இருந்த வெற்றிகளே விலைபேசி வாங்கியவை என்று தெரிந்தால் அது களிமண்.

‘மண் குதிரையை நம்பி ஆற்றில் இறங்காதே’ என்பது நம்புவதற்கு முன் சொல்லும் எச்சரிக்கை. ‘களிமண் கால்’ நம்பி முடித்த பிறகு சொல்லும் கண்டுபிடிப்பு. இரண்டிலும் மண் இருப்பதால் ஒன்றுக்கு மற்றொன்று மொழிபெயர்ப்பாகிவிடாது. இப்பழமொழியில் உள்ளது குதிரை அன்று, ‘குதிர்’ என்னும் மணல்மேடு என்று திருத்தும் வழக்கம் இப்போது பரவியிருக்கிறது. அய்யனார் கோயில் வாசலில் கம்பீரமாக நிற்கும் மண் குதிரையைப் பார்த்த எவருக்கும் பழமொழி உள்ளபடியே விளங்கும். விளங்கும் ஒன்றுக்குத் திருத்தம் எதற்கு என்று மாணவரைக் கேட்டுவிட்டு நகருங்கள்.

‘அத்திப்பழத்தைப் பிட்டுப் பார்த்தால் அத்தனையும் சொத்தை’ என்பது முழுதும் கெட்டதைக் குறிக்கும். பாதம் மட்டும் களிமண்ணான சிலைக்கு அது பொருந்தாது. எல்லாவற்றிலும் நெருங்கி வருவது திருக்குறளின் குன்றிமணி. கூடாவொழுக்கம் அதிகாரத்தில், ‘புறங்குன்றி கண்டனைய ரேனும் அகங்குன்றி மூக்கிற் கரியார் உடைத்து’ என்று 277-ஆம் குறள் கூறுகிறது. குன்றிமணியின் செம்மை கண்ணைப் பறிக்கிறது. கருமையும் வெளியில்தான், மூக்கில்தான் இருக்கிறது. பார்ப்பவர் சிவப்பையே பார்க்கிறார். இவ்வளவு ஒற்றுமை இருந்தும் ஒரு வேறுபாடு உண்டு. வள்ளுவர் அங்கே பேசுவது தெரிந்தே வேடம் போடுபவரை. களிமண் பாதம் உடையவர் வேடதாரியாக இருக்க வேண்டிய தேவையில்லை. தன்னைப் பொன் என்று அவர் எங்கும் சொல்லாமலே இருந்திருக்கலாம். ‘போலி’ என்று எழுத வேண்டிய இடத்தில் ‘களிமண் கால்’ என்று எழுதினால் குற்றத்தின் அளவு குறைகிறது. மறுதலையாக எழுதினால், குற்றமற்ற ஒருவர் மீது வஞ்சகப் பழி விழுகிறது.

தமிழில் எழுதும்போது

தமிழ் வழக்கில் களிமண் இருக்கும் இடம் மண்டை. ‘உன் மண்டையில் இருப்பது களிமண்ணா?’ என்ற ஏச்சைக் கேளாத மாணவன் இல்லை. ஆகவே முன்னறிவிப்பின்றி ‘அவருக்குக் களிமண் கால்’ என்றால், கேட்பவர் மந்தபுத்தி என்றோ நடக்க இயலாதவர் என்றோ எடுத்துக்கொள்ள வாய்ப்புண்டு. முதல்முறை பயன்படுத்தும்போது சிலையையும் உடன் கொண்டுவந்துவிட வேண்டும்: ‘பொன் தலையைப் பார்த்து வியந்தோம், பாதம் களிமண் என்பதைப் பார்க்கவில்லை’ என்று ஒருமுறை எழுதிவிட்டால், அதன் பிறகு சுருக்கமாகச் சொன்னாலும் விளங்கும். விவிலியத் தமிழில் கால்கள் இரும்பு, பாதங்களே களிமண் என்பதால் ‘களிமண் பாதம்’ என்பதுதான் மூலத்துக்கு நெருக்கமானது. பேச்சில் ‘களிமண் கால்’ பரவிவிட்டது. இரண்டில் எதை எழுதினாலும் மதிப்பெண்ணைக் குறைக்க வேண்டாம், ஒரே கட்டுரையில் இரண்டையும் கலக்காமல் இருந்தால் போதும்.

‘கணக்குப் பாடம்தான் எனக்குக் களிமண் கால்’ என்ற வாக்கியம் தவறு. எழுதியவரை எவரும் சிலையாக நிறுத்தி வணங்கவில்லை. ‘பிடிபட்ட திருடனின் களிமண் கால் வெளிப்பட்டது’ என்பதும் அதே காரணத்தால் தவறு. ‘ஊரே கையெடுத்துக் கும்பிட்ட அந்தத் தலைவரின் பாதம் களிமண் என்பது, சங்கத்தின் வரவு செலவுக் கணக்கைத் தணிக்கையாளர் கேட்ட அன்றுதான் தெரிந்தது’ என்பது சரி. இதில் கும்பிட்டவர்கள் இருக்கிறார்கள்; தலைவர் நின்றிருந்த அடித்தளமான நேர்மை இருக்கிறது; கல்லாகிய தணிக்கையும் இருக்கிறது. அதே தலைவருக்கு முன்கோபம் அதிகம் என்பது தெரியவந்திருந்தால் தொடர் பொருந்தாது, ஏனெனில் அவர் பொறுமைக்காகப் போற்றப்பட்டவர் அல்லர். குறை, புகழின் அடியிலேயே இருக்கிறதா என்பதை ஒவ்வொரு முறையும் சரிபார்க்கச் சொல்லுங்கள்.

இறுதியாக, வீட்டுப்பாடத்துக்கு ஒரு பெயரைக் கொடுக்கலாம். கோயம்புத்தூர் ஆட்சியராக இருந்து 1819-இல் மலையேறி வந்து, உதகையை உருவாக்கியவர் என்று போற்றப்படும் ஜான் சலிவன் இதற்கு ஏற்றவர். கோத்தகிரிக்கு அருகே கன்னேரிமுக்கில் அவர் தங்கிய வீடு நினைவகமாக நிற்பதால் மாணவர் நேரில் சென்றும் பார்க்கலாம். தோடர்களிடமிருந்து குறைந்த விலைக்கு நிலம் வாங்கியவர் அவர். தோடர்களின் நில உரிமை மதிக்கப்பட வேண்டும் என்று அரசிடம் வாதாடியவரும் அவரே. ‘சலிவனுக்குக் களிமண் பாதம் உண்டா?’ என்று கேட்டு ஒரு பக்க அளவில் எழுதச் சொல்லுங்கள். உண்டு என்றோ இல்லை என்றோ எழுதலாம். திருத்தும்போது முடிவுக்கு மதிப்பெண் தராமல், யார் அவரைப் போற்றினார்கள், எதற்காகப் போற்றினார்கள், நிலம் வாங்கிய செய்தி அந்தப் புகழின் அடியில் இருக்கிறதா அல்லது பக்கத்தில் இருக்கிறதா என்ற மூன்று கேள்விகளுக்கும் மாணவர் விடை தேடியிருக்கிறாரா என்று மட்டும் பாருங்கள். அந்த நிலத்தில் எருமை மேய்த்த தோடர்களுக்கு இது ஒருநாளும் மறைந்த செய்தியாக இருந்ததில்லையே என்று எவரேனும் எழுதியிருந்தால், அந்தத் தாளை வகுப்பில் உரக்கப் படித்துக் காட்டுங்கள்.